வந்து போனவர் எழுத்தும் அகப்பட்டு வாழ்ந்தவர் எழுத்தும்

இலங்கையைப் பற்றி ஆங்கிலத்தில் வெளிவந்த முதல் விரிவான நூலின் கதை திருகோணமலை மாவட்டத்து மூதூர்க் கரையில் தொடங்குகிறது. 1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்தில் அடித்த புயலில் ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பனியின் ‘ஆன்’ என்ற கப்பல் பாய்மரத்தை இழந்தது. புதிய மரம் நாட்டவும், அதற்கிடையில் கொண்டுவந்த துணியை விற்கவும் அது மூதூரை ஒட்டிய கொட்டியாரக் குடாவுக்கு வந்து நங்கூரமிட்டது. ஊரார் நல்லபடியாகவே பழகினார்கள். பிறகு கண்டி அரசன் இரண்டாம் இராஜசிங்கனின் திசாவை என்ற மாகாண அதிகாரி படையுடன் வந்து சேர்ந்தார். 1660 ஏப்ரலில் கப்பல் தலைவரும் அவருடைய மகனும் உட்பட 16 பேர் பிடிபட்டார்கள். தலைவர் பிடிபட்டது ஒரு மரத்தடியில் என்று சொல்லும் நினைவுக்கல் இன்றும் மூதூரில் இருக்கிறது.

மகனின் பெயர் றொபேட் நொக்ஸ். அவருக்கு அப்போது 19 வயது. தந்தை அவரைக் கப்பலுக்கு அனுப்பி, வேறு எவரும் கரைக்கு வரவேண்டாம் என்று சொல்லிவரச் செய்தார். கப்பலிலேயே தங்கிவிட்டிருந்தால் அவர் தப்பியிருப்பார். ஆனால் திரும்பி வருவதாகத் தந்தையிடம் வாக்குக் கொடுத்திருந்தார், திரும்பி வந்தார். அதன் பிறகு பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் கண்டி இராச்சியத்துக்குள் இருந்தார். 1679 அக்டோபரில் மன்னாருக்குத் தெற்கே அரிப்புக் கோட்டையில் ஒல்லாந்தரிடம் போய்ச் சேர்ந்தார். ஊர் திரும்பும் கப்பலிலேயே எழுதத் தொடங்கினார். 1681இல் இலண்டனில் நூல் வெளிவந்தது. விஞ்ஞானி றொபேட் ஹூக் அதற்கு முன்னுரை எழுதினார்.

வெளிநாட்டுப் பயணத்தையும் வெளிநாட்டு வாழ்வையும் பற்றிய நூல்களை நான் பல வருடங்களாகத் தேடி வாசித்து வருகிறேன். அவற்றை எப்படி எடைபோடுவது என்று யாராவது கேட்டால் நொக்ஸின் நூலையே முதலில் எடுத்து வைப்பேன். திருகோணமலைக்காரர்களுக்கு இந்த நூல் உள்ளூர் வரலாற்றின் ஒரு துண்டு மட்டும் அல்ல. இந்த வகை எழுத்து எப்படி உருவாகிறது, எதனால் நிலைக்கிறது என்பதற்கு அது தெளிவான சான்று. நம்மிடையே இருந்து வெளிநாடு போனவர்களின் எழுத்து ஏன் இன்னும் வரவில்லை என்ற கேள்விக்கும் அதிலிருந்துதான் வெளிச்சம் கிடைக்கிறது.

பயண நூலையும் வெளிநாட்டு வாழ்வு நூலையும் நாம் ஒரே தட்டில் வைத்துப் பேசிவிடுகிறோம். இரண்டும் வேறு. பயணி புதியதைத் தேடிப் போகிறார், கண்ணில் புதிதாகப் பட்டதை எழுதுகிறார், நாளை வேறு ஊருக்குப் போய்விடுவார். அவரிடம் தவறான விலை சொன்ன கடைக்காரரை அவர் மறுபடி பார்க்கப்போவதில்லை. அங்கே வாழ்கிறவருக்கு அப்படியல்ல. நாளைக்கும் அதே கடைக்காரரிடம்தான் போகவேண்டும். நெல் எப்போது மலிவு, எந்த அதிகாரியிடம் எப்படிப் பேசவேண்டும், காய்ச்சல் வந்தால் யார் கஞ்சி வைத்துத் தருவார்கள் என்பதெல்லாம் அவருக்குப் பிழைப்பு. தவறாகத் தெரிந்துவைத்திருந்தால் பட்டினி கிடக்கவேண்டும். அறிவு இப்படித் தேவையிலிருந்து பிறக்கும்போது அதற்கு ஒரு உறுதி வந்துவிடுகிறது.

நொக்ஸ் விடயத்தில் இதை வரிக்கு வரி காணலாம். கைதிகள் சிறையில் அடைக்கப்படவில்லை. ஊர் ஊராகப் பிரித்து வைக்கப்பட்டார்கள். அவர்களுக்குச் சோறு போடுவது ஊராரின் கடமை என்பது அரச கட்டளை. நொக்ஸ் சமைத்த சோறு வேண்டாம், அரிசியாகவே தாருங்கள் என்று கேட்டு வாங்கினார். மிச்சம் பிடித்தார். தொப்பி பின்னி விற்றார். நெல்லைக் கடன் கொடுத்தார், ஆண்டுக்கு நூற்றுக்கு ஐம்பது வட்டி. அந்த நாட்டில் நெல்வட்டி எப்படி நடந்தது என்று நமக்குத் தெரிவதற்குக் காரணம், அந்த வட்டியில் ஒருவர் வாழ்ந்தார் என்பதுதான். வெளியேறும் வழியையும் வியாபாரத்தின் மூலமே கண்டுபிடித்தார். புகையிலை, மிளகு, உள்ளி, சீப்பு, இரும்புச் சாமான்கள் எல்லாம் சுமந்து விற்றபடி வடக்கு நோக்கிச் சிறிது சிறிதாகப் பாதை பழகினார். அதற்கே பல ஆண்டுகள் பிடித்தன. பிறகு ஸ்டீபன் ரட்லண்ட் என்ற தோழருடன் அநுராதபுரம் வழியாக அருவியாற்றின் கரையைப் பற்றிக்கொண்டு காட்டுக்குள் இறங்கினார்.

நூலின் அமைப்பைக் கவனியுங்கள். நான்கு பாகங்கள். முதல் பாகம் நாட்டின் நிலமும் விளைவும் விலங்குகளும். இரண்டாவது அரசனும் ஆட்சியும். மூன்றாவது மக்களின் வழக்கங்கள். தன் சொந்தக் கதையை நான்காவது பாகத்தில்தான் சொல்கிறார். பத்தொன்பது ஆண்டுகள் அகப்பட்டுக் கிடந்த மனிதர் தன் துயரத்தை முன்னால் வைத்திருந்தால் எவரும் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். அவரோ நாட்டை முதலில் வைத்தார். இது அவருடைய அடக்கம் மட்டும் அல்ல. கம்பனிக்கும் இலண்டன் அறிஞர்களுக்கும் தேவைப்பட்டது நாட்டைப் பற்றிய தகவல்தான். வாசிக்கப்போவது யார் என்பது நூலின் உருவத்தைத் தீர்மானித்தது. ஆனால் அதன் பயன் நமக்குக் கிடைத்திருக்கிறது. மூன்று பாகங்களை வாசித்து முடித்தவருக்கு அந்த நாடு ஓரளவு பழகிவிடுகிறது. அதற்குப் பின் நான்காம் பாகத்தில் தந்தை இறக்கும் இடம் வரும்போது, அந்த மரணம் எந்த மண்ணில், எந்த வழக்கங்களுக்கு நடுவே நிகழ்கிறது என்று விளங்குகிறது.

அந்த இடம் என்னை ஒவ்வொரு முறையும் நிறுத்திவைக்கிறது. 1661 பெப்ரவரியில் தந்தை காய்ச்சலில் இறக்கிறார். மகனும் நோயாளி. அடக்கம் செய்ய உதவி கேட்கிறார். ஊரார் அனுப்பிய உதவி, மாடு கட்டும் ஒரு பெரிய கயிறு. பிணத்தைக் கழுத்தில் கட்டிக் காட்டுக்கு இழுத்துப் போகட்டும் என்று. நொக்ஸ் இதைச் சத்தமில்லாமல் எழுதுகிறார். அந்நியனின் பிணத்தைத் தொட்டால் தீட்டு என்று எண்ணும் சமூகத்தில் அது இயல்பான செயல் என்பதும் அவருக்குத் தெரியும், தன் நெஞ்சு உடைந்தது என்பதும் தெரியும். இரண்டையும் சேர்த்து எழுத முடிவதுதான் அங்கே வாழ்ந்தவரின் எழுத்து.

இதை வைத்து நொக்ஸைப் புனிதராக்க நான் விரும்பவில்லை. விடுதலைக்குப் பிறகு அவர் கம்பனிக் கப்பலின் தலைவரானார். மடகஸ்காருக்குப் போய் அடிமைகளை வாங்கி ஏற்றினார். பத்தொன்பது ஆண்டுகள் சொந்த ஊர் போக முடியாமல் தவித்தவர் வேறு மனிதர்களை அவர்கள் ஊரிலிருந்து பிடுங்கிக் கொண்டுபோனார். அனுபவம் ஒரு மனிதருக்கு நாட்டைக் காட்டிக் கொடுக்கும். பிறர் வலியைக் காட்டிக் கொடுக்கும் என்று நாம் எண்ணிவிடக்கூடாது. நினைவு நூல்களை வாசிக்கும்போது எழுதியவரின் கண்ணை நம்பலாம், ஆனால் அவருடைய மனச்சாட்சிக்கு நூலே உத்தரவாதம் ஆகாது.

திருகோணமலையைப் பற்றி எழுதியவர்களில் பெரும்பாலோர் வந்து போனவர்கள்தான். துறைமுகம் அப்படிப்பட்டது. 1957 வரை பிரித்தானியக் கடற்படை இங்கே இருந்தது. கடற்படையினர் எழுதிவைத்தவற்றில் குடாவின் ஆழமும் காற்றின் திசையும் வெயிலும் உண்டு. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் குண்டு போட்ட காலையும் உண்டு. அங்காடித் தெருவில் என்ன விலைக்கு மீன் விற்றது என்பது மிக அரிது. கப்பலில் உறங்கி, கப்பலில் உண்டவருக்கு அது தேவைப்படவில்லை.

இதற்கு நடுவே விஞ்ஞானப் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க் சற்று வேறுபட்டவர். 1956இல் அவரும் அவருடைய தோழர் மைக் வில்சனும் திருகோணமலையின் சுவாமிமலை அடியில் சுழியோடி, போர்த்துக்கேயர் இடித்துத் தள்ளிய கோணேசர் கோவிலின் தூண்களையும் கற்களையும் கடலடியில் கண்டார்கள். அடுத்த ஆண்டே அவர் அதைப் பற்றி நூல் எழுதினார். கல் கடலில் கிடப்பது நம்மவர்களுக்குப் புதுச் செய்தி அல்ல. மலையுச்சியில் அந்த இடத்தைப் பார்த்துப் பூசை நடந்துகொண்டுதான் இருந்தது. 1950இல் நகரில் கிணறு தோண்டியபோது பழைய வெண்கலத் திருவுருவங்கள் வெளிப்பட்டன. ஆனாலும் கடலுக்குள் கிடந்ததைப் படமெடுத்து, அளந்து, உலகம் வாசிக்கும் மொழியில் எழுதியவர் அவர். பயணியாக வந்து இலங்கையிலேயே குடியேறி 2008இல் இறக்கும்வரை இங்கேயே வாழ்ந்தார் என்பதால் அவர் எழுத்தில் இரண்டு வகையும் கலந்திருக்கும். எனினும் அவர் அகப்பட்டவர் அல்லர். விரும்பிய நாளில் விமானம் ஏறலாம். அந்தச் சுதந்திரம் எழுத்தில் மகிழ்ச்சியாகத் தெரிகிறது, நொக்ஸிடம் உள்ள அழுத்தம் தெரியாது.

வராமலே எழுதியவரும் உண்டு. திருஞானசம்பந்தர் இராமேசுவரத்தில் நின்று கடலுக்கு இப்பால் இருந்த கோணமலையைப் பாடினார் என்பது மரபு. இந்த ஊரின் கடலையும் முத்தையும் அவ்வளவு நெருக்கமாகச் சொன்ன வேறு தமிழ்ப் பாட்டு இல்லை. அது பக்தி, பயண எழுத்தின் கணக்கில் சேராது என்றாலும், பார்த்தவர்தான் எழுதலாம் என்று அடித்துப் பேசுபவர்களுக்கு அதை நினைவூட்டத் தோன்றுகிறது.

வெளிநாட்டு வாழ்வின் எழுத்தில் இன்னொரு இழையும் இருக்கிறது: ஊர் ஏக்கம். நம் தீவிலேயே அதற்கு மிகப் பழைய சான்று இருக்கிறது. ஐந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சீனப் பிக்கு பாகியன் அநுராதபுரத்துக்கு வந்து இரண்டு ஆண்டுகள் தங்கினார். ஊரைவிட்டுப் புறப்பட்டு அதற்குள் பல ஆண்டுகள் கடந்திருந்தன. உடன் வந்தவர்கள் பிரிந்தோ இறந்தோ போயிருந்தார்கள். ஒருநாள் அபயகிரி விகாரையில் பச்சைக் கல்லில் செய்த புத்தர் சிலைக்கு முன்னால் ஒரு வியாபாரி காணிக்கையாக வைத்த வெள்ளைப் பட்டு விசிறியைக் கண்டார். சீன விசிறி. அவர் கண்கள் நிறைந்துவிட்டன. மத நூல்களைத் தேடிவந்த துறவி, தன் பயணக் குறிப்பில் இந்த ஒரு கணத்தைத் தவறாமல் எழுதிவைத்தார். வெளிநாட்டில் நம் ஊர்ச் சாமான் ஒன்றைத் தற்செயலாகக் கண்டு நின்றுபோகாதவர் யார்?

தமிழில் இந்த வகை எழுத்துக்கு நல்ல முன்னோர்கள் இருக்கிறார்கள். காந்தியைப் பற்றிய படத்துக்காகக் கண்டம் கண்டமாக அலைந்த ஏ. கே. செட்டியார் பயணக் கட்டுரைக்கு ஒரு நேர்த்தியைக் கொடுத்தார். தான் அதிகம் தெரியாமல், சந்தித்த மனிதர்கள் தெரியும்படி எழுதுவது அவருடைய குணம். கொக்குவிலில் பிறந்த அ. முத்துலிங்கம் உத்தியோகம் நிமித்தம் ஆப்பிரிக்காவிலும் பாகிஸ்தானிலும் வாழ்ந்து, கனடாவில் குடியேறி எழுதிய கட்டுரைகளைப் புலம்பெயர்ந்த தமிழர் வீடு தோறும் வாசிக்கிறார்கள். 1983க்குப் பிறகு அகதியாகப் போனவர்கள் ஐரோப்பாவிலிருந்தும் கனடாவிலிருந்தும் எழுதிய சாட்சியங்கள் ஒரு தனி நூலகத்தையே நிரப்பும். படித்தவர்கள், இயக்கங்களில் இருந்தவர்கள், பத்திரிகைத் தொடர்பு உள்ளவர்கள் அதில் முன்னின்றார்கள். எழுதும் பழக்கமும் எழுதியதை அச்சிடும் வழியும் அவர்களிடம் இருந்தன.

ஆனால் திருகோணமலை மாவட்டத்திலிருந்து மிகப் பெருமளவில் மக்கள் போன திசை வேறு. சவூதி, குவைத், கத்தார், டுபாய், ஜோர்தான். 1973இல் எண்ணெய் விலை ஏறியபின் வளைகுடா வீடுகளில் பணம் பெருகியது, வேலைக்கு ஆள் வேண்டியிருந்தது. 1977இல் இலங்கை பொருளாதாரத்தைத் திறந்துவிட்டது. 1985இல் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகம் அமைக்கப்பட்டது. 1990களில் வேலைக்குப் போனவர்களில் பெண்களே அதிகம், அவர்களிலும் வீட்டுப் பணிப்பெண்களே அதிகம். கிண்ணியாவிலும் மூதூரிலும் இதற்குப் போர் கூடுதல் காரணமானது. கடலுக்குப் போகத் தடை, வயலுக்குப் போகப் பயம், இடம்பெயர்வு. 2004 டிசம்பர் 26இல் சுனாமி மிச்சத்தையும் அடித்துக்கொண்டு போனது. 2009இல் கிண்ணியாப் பாலம் திறக்கப்படும்வரை ‘பாதை’ என்ற மிதவைப் படகில் ஏறித்தான் நகருக்கு வரவேண்டியிருந்த பெண்கள், அந்தப் படகில் கடந்து கட்டுநாயக்கா போய் ரியாத்துக்கு விமானம் ஏறினார்கள்.

அந்தப் பெண்கள் போய்ச் சேர்ந்த நிலையை நொக்ஸின் நிலையோடு வைத்துப் பாருங்கள். கபீல் என்ற பொறுப்பாளரின் பெயரிலேயே இக்காமா என்ற வதிவிட அனுமதி. அவர் சம்மதம் இல்லாமல் வேலை மாற முடியாமல் இருந்தது. சவூதியில் நாட்டைவிட்டு வெளியேறவே அவருடைய அனுமதி தேவைப்பட்டது. கடவுச்சீட்டு பெரும்பாலும் அவர் பெட்டியில். வீட்டுப் பணியாளர்களைத் தொழிலாளர் சட்டம் பல நாடுகளில் கணக்கிலேயே எடுக்கவில்லை. சாப்பாடு உண்டு, கூரை உண்டு, உழைப்பு உண்டு, போக மட்டும் முடியாது. மொழியை அவர்கள் அடுப்படியிலும் பிள்ளைகளிடமும் கற்றார்கள். இரண்டு வருடத்தில் அந்த வீட்டின் சண்டை, நோய், கடன், நோன்பு காலச் செலவு, விருந்தாளிகளின் தரவரிசை அனைத்தும் தெரிந்துவிடும். வளைகுடா வீடுகளின் உள்பக்கத்தை இவ்வளவு நெருங்கிப் பார்த்த வெளியார் வேறு எவரும் இல்லை. ஆராய்ச்சியாளர்கள் வரவேற்பறை வரை போவார்கள். சமையலறைக்குள் போனவர்கள் நம் பெண்கள். கண்டி இராச்சியத்தைப் பற்றி நொக்ஸிடம் இருந்த அறிவுக்கு நிகரான அறிவு மூதூரிலும் கிண்ணியாவிலும் வீட்டுக்கு வீடு இருக்கிறது என்று நான் உறுதியாகச் சொல்வேன்.

அது எழுத்தாகவில்லை. காரணங்கள் பல. ஊர் வாய் முதலாவது. வெளிநாடு போய்வந்த பெண்ணைப் பற்றி என்ன பேசுவார்கள் என்ற பயத்தில், பிள்ளைகளின் கலியாணம் முடியும்வரை வாய் திறக்காத தாய்மார் இருக்கிறார்கள். பயணமே சில வேளைகளில் ஒரு பொய்யில் தொடங்கியது. உப முகவர் வயதைக் கூட்டிக் கடவுச்சீட்டு எடுத்துக் கொடுத்திருப்பார். உண்மையை எழுதினால் அந்தப் பொய்யையும் எழுதவேண்டும். அனுப்பிய காசு எங்கே போனது என்ற கேள்வி இன்னும் கடினமானது, அதைச் சொன்னால் வீடு இரண்டுபடும். இவற்றுக்கெல்லாம் மேலாக, தன் வாழ்க்கை புத்தகத்துக்கு உரியது என்று அவர்களிடம் எவரும் சொன்னதில்லை. கப்பல் தலைவரின் மகனுக்கு இலண்டனில் ஒரு ஹூக் காத்திருந்தார். பணிப்பெண்ணுக்காக விமான நிலையத்தில் காத்திருந்தவர்கள் பெரும்பாலும் கடன்காரர்கள்.

தன் கதையைத் தானே சொல்ல முடியாமல் போனால் என்ன நடக்கும் என்பதற்கு மூதூரே சாட்சி. மூதூர்ப் பெண் றிசானா நபீக் 2005இல் வீட்டுப் பணிப்பெண்ணாகச் சவூதிக்குப் போனார். பிறப்புச் சான்றிதழின்படி வயது 17, கடவுச்சீட்டில் அதைவிடக் கூடுதலாகப் பதியப்பட்டிருந்தது. போன சில வாரங்களில் அவர் பராமரிப்பில் இருந்த கைக்குழந்தை இறந்தது. பால் கொடுக்கும்போது புரையேறியது என்றார் அவர். முதல் விசாரணையில் சட்டத்தரணி இல்லை. முறையான பயிற்சி இல்லாத ஒருவர் மொழிபெயர்க்க, ஒப்புதல் வாக்குமூலம் பதிவானது. பின்னர் அவர் அதை மறுத்தார். 2007இல் மரண தண்டனை விதிக்கப்பட்டது. 2013 ஜனவரி 9ஆம் திகதி அது நிறைவேற்றப்பட்டது. சிறையிலிருந்து அவர் நடந்ததைத் தமிழில் எழுதிக் கொடுத்த வாக்குமூலம் ஒன்று உண்டு. கொட்டியாரக் கரையிலிருந்து வெளிநாடு போன ஒருவரின் சொந்தச் சொற்கள் அவை. நொக்ஸின் நூலைப் பற்றிப் பேசும் எவரும் அந்த வாக்குமூலத்தையும் பேசவேண்டும் என்பது என் நிலைப்பாடு. ஒன்று முழு நூல், மற்றது சிறு வாக்குமூலம் என்பதால் நிறை குறைந்துவிடாது.

எழுத்து இல்லை என்றேன், பதிவு அறவே இல்லை என்று சொல்லவில்லை. வான்கடிதங்கள் இருக்கின்றன. அதைவிட முக்கியம் கசெட்டுகள். கைத்தொலைபேசி வருவதற்கு முன்பு, எழுதத் தயங்கியவர்கள் ஒலிநாடாவில் பேசி அனுப்பினார்கள். ஊரிலிருந்தும் பேசி அனுப்பினார்கள். கணவனிடம் பேசியது ஒரு பக்கம், தாயிடம் பேசியது மறுபக்கம். அந்த வீட்டு எசமானி நல்லவளா, பேசுபவள் அன்று என்ன சமைத்தாள், எத்தனை மணிக்குப் படுத்தாள், பெருநாளுக்கு என்ன கொடுத்தார்கள் என்றெல்லாம் அதில் இருக்கும். அச்சில் வரும் என்று எண்ணாமல் பேசியது என்பதால் அதில் பூச்சு இல்லை. தமிழில் வெளிநாட்டு வாழ்வின் நினைவுக் குறிப்பு என்று எதைக் கேட்டாலும் நான் முதலில் இந்த நாடாக்களைச் சொல்வேன்.

இவற்றிலிருந்து நூல் எடுக்க முனைபவர்கள் நொக்ஸின் ஒழுங்கைப் பின்பற்றலாம். வேதனையைக் கேட்டுத் தொடங்கவேண்டாம். அரசசார்பற்ற நிறுவனங்களும் பத்திரிகைகளும் அதைத்தான் கேட்டன, அதனால் எல்லாப் பெண்களின் கதையும் ஒரே கதையாக அச்சேறியது. வீட்டை முதலில் கேளுங்கள். எத்தனை அறை, தண்ணீர் எங்கிருந்து வந்தது, அரிசி எந்த வகை, எந்தப் பிள்ளை எதைச் சாப்பிடாது, வெள்ளிக்கிழமை யார் வருவார்கள், சம்பளம் எந்த நாள், அனுப்பும் கூலி எவ்வளவு, அறபில் முதலில் பழகிய ஏச்சு எது, முதலில் பழகிய நல்ல வார்த்தை எது. நாடு இப்படி எழுந்து நின்றபின் அவர்களே தங்கள் கதைக்கு வருவார்கள், வர விரும்பினால். பெயர் போடவேண்டாம் என்றால் போடக்கூடாது. பிள்ளைகளிடமும் கேட்கவேண்டும். தாய் இல்லாமல் பாட்டியிடம் வளர்ந்தவர்கள் இப்போது நாற்பது வயதை நெருங்குகிறார்கள், வெளிநாட்டு வாழ்வின் பாதி அவர்கள் வீட்டில்தான் நடந்தது.

அவசரமும் இருக்கிறது. கசெட் நாடாவின் காந்தப்பூச்சு கடற்காற்றின் ஈரத்தில் உதிர்கிறது, பூஞ்சணம் பிடிக்கிறது. கேட்கும் கருவி பல வீடுகளில் இல்லை. வேலை செய்யும் ஒரு கசெட் பிளேயரையும் கணினியையும் ஒரு வயரால் இணைத்தால் ஒலிப்பதிவாக மாற்றிவிடலாம், பள்ளிக்கூடப் பிள்ளைகளே செய்யக்கூடிய வேலை. பழுதான நாடாவை ஓடவிட்டு அறுத்துக்கொள்ளாமல், முதலில் கையால் மெதுவாகச் சுற்றிப் பார்க்கவேண்டும். 2005 முதல் ஈழத்துத் தமிழ் ஆவணங்களை எண்ணிமத்தில் சேர்த்துவரும் நூலகம் நிறுவனம் வாய்மொழி வரலாறுகளையும் பாதுகாக்கிறது. மூதூர், கிண்ணியா வாசிகசாலைகளில் ஒரு அலுமாரி ஒதுக்கி, உரிமையாளரின் எழுத்துமூலச் சம்மதத்துடன் பிரதி ஒன்றை அங்கும் மூலத்தை வீட்டிலும் வைத்துக்கொள்ளலாம். 1980களில் முதலில் போன பெண்களில் பலர் இப்போது எழுபதைத் தாண்டிவிட்டார்கள். அவர்களிடம்தான் முதலில் போகவேண்டும்.